மூளைக்குள் கம்பி வைத்தால் நடுக்கம் நிற்குமா?

கேள்வி: அப்பாவுக்கு 64 வயது, பார்க்கின்சன் வந்து எட்டு வருடம். வலை பொத்தின கை, இப்போது தேத்தண்ணிக் கோப்பையைக்கூடப் பிடிக்காது. குளிசை போட்டால் கொஞ்ச நேரம் சரி, பிறகு பழையபடி. மூளைக்குள் கம்பி வைத்துக் கரண்ட் கொடுத்தால் நடுக்கம் நின்றுவிடுவதாக வீடியோ ஒன்று பார்த்தோம். உண்மையா? மனச்சோர்வுக்கும் இதைச் செய்வார்களாமே?
- ஒரு மகள், உப்புவெளி, திருகோணமலை

பதில்: உண்மைதான் தங்கச்சி, ஆனால் வீடியோவில் வருவது ஸ்விட்ச் போடுகிற அந்தப் பத்து செக்கன் மட்டும்.

பார்க்கின்சனில் டோபமின் என்கிற, மூளைக்குள் செய்தி கடத்தும் இரசாயனம் குறைகிறது. அது குறைந்ததும் அசைவை நடத்துகிற மூளைச் சுற்றில் உள்ள நரம்புக் கலங்கள் தப்பான ஒரு தாளத்தில் ஒன்றாகப் பூட்டிக்கொள்கின்றன. கரைவலை இழுக்கிறவர்கள் அம்பா பாட்டுக்குச் சேர்ந்து இழுப்பார்களே, பாட்டே பிழைத்துப்போனால் எத்தனை பேர் இழுத்தும் வலை வராது, அதுபோல. மெல்லிய கம்பியை அந்தச் சுற்றின் ஒரு முடிச்சில் வைத்து, நொடிக்கு 130 தடவை அளவில் மின்துடிப்புக் கொடுத்தால் அந்தத் தாளம் குலைகிறது. பட்டரி காறை எலும்புக்குக் கீழே தோலுக்குள் இருக்கும். 1987இல் பிரான்சின் கிரனோபிளில் பெனாபிட் என்ற சத்திரசிகிச்சை நிபுணர், நடுக்கத்துக்காக மூளையில் சிறு இடத்தைச் சுட முன் மின்சாரத்தால் சோதித்துப் பார்த்தபோதுதான், வேகமான துடிப்பே நடுக்கத்தை நிறுத்துவதைக் கவனித்தார்.

நோய் இதனால் குணமாகாது. குளிசைக்கு இளகாத தள்ளாட்டமும் பேச்சுக் குழறலும் கம்பிக்கும் அநேகமாக இளகாது, நடுக்கம்தான் விதிவிலக்கு. மறதி கூடியவர்களுக்கு வைக்கமாட்டார்கள். இரத்தக்கசிவு, கிருமித் தொற்று என்ற ஆபத்துகளும் உண்டு.

அதற்கு முன் ஒன்று கேட்கிறேன், அப்பா லெவோடோபா குளிசையை, அதாவது மூளையில் டோபமினாக மாறுகிற அந்த மருந்தை, எப்போது போடுகிறார்? சோறும் மீன் குழம்பும் சாப்பிட்ட கையோடா? மீனின் புரதமும் அந்த மருந்தும் குடலில் ஒரே வாசலுக்கு முண்டியடிக்கும், மருந்து பிந்திவிடும். சாப்பாட்டுக்கு அரை மணி முன்னால் போடலாமா என்று டொக்டரிடம் கேளுங்கள். அளவை மட்டும் நீங்களாக மாற்றவேண்டாம்.

மனச்சோர்வு வேறு சுற்று. அதற்குத் தலையில் காந்தச் சுருள் வைத்துத் தூண்டும் முறை இருக்கிறது, வெட்டுக்கொத்து இல்லை, அமெரிக்காவில் 2008இல் அனுமதித்தார்கள். கம்பி வைப்பது மனச்சோர்வுக்கு இன்னும் பரிசோதனைதான், பலன் ஆளுக்கு ஆள் மாறுகிறது.

இப்போதைக்கு ஒரு கொப்பியில் குளிசை போட்ட நேரம், சாப்பிட்ட நேரம், கை அடங்கின நேரம், திரும்ப ஆடத் தொடங்கின நேரம் எல்லாவற்றையும் ஒரு கிழமைக்கு எழுதுங்கள். அடுத்த கிளினிக்குக்கு வீடியோவை விட்டுவிட்டு அந்தக் கொப்பியைக் கொண்டுபோங்கள்.