காலி டின்னும் தலைமைப் பதவியும்

கேள்வி: சிம்பன்சிக் கூட்டத்தில் பலசாலிதான் தலைவனாமே? அழிந்துவரும் அந்த இனத்தைக் காப்பாற்ற, அந்தத் தலைவர்களைப் பத்திரமாகப் பார்த்துக்கொண்டாலே போதாதா?

பதில்: ‘தலைவர்’ என்ற சொல்லைக் கண்டால் எனக்குக் கை அரிக்கும் என்று தெரிந்தே கேட்டிருக்கிறீர்கள்.

தான்சானியாவின் கோம்பே காட்டில் ஜேன் குடால் ஆய்வு செய்த காலத்தில் அங்கே ஒரு சிம்பன்சி இருந்தது. பெயர் மைக். சத்தியமாக நான் வைத்த பெயர் அல்ல. பலசாலியும் அல்ல, கடைக்கோடியில் கிடந்த ஆண். 1964இல் அதன் கண்ணில் முகாமின் காலி மண்ணெண்ணெய் டின்கள் பட்டன. மயிரைச் சிலிர்த்துக்கொண்டு, மூன்று டின்களை முன்னால் தட்டி உருட்டியபடி, அக்கடா என்று உட்கார்ந்திருந்த பெரிய ஆண்களை நோக்கிப் பாய்ந்தது. கடகட சத்தத்தில் அத்தனையும் சிதறி ஓடின. பிறகு ஒவ்வொன்றாகத் திரும்பி வந்து பணிவாகப் பேன் பார்க்கத் தொடங்கின. (சிம்பன்சிக்கு வால் கிடையாது. எனவே வால்பிடிக்க வழியில்லை. பேன்தான் பார்க்க வேண்டும்.) சத்தம் தாங்காமல் டின்களை ஒளித்துவைத்தார்கள். என்ன பயன்? பதவி கைக்கு வந்துவிட்டது. சில ஆண்டுகள் நிலைக்கவும் செய்தது.

குறைகுடம் கூத்தாடும் என்று படித்திருக்கிறோம். காலி டின் முடிசூடும் என்று யாரும் சொல்லித்தரவில்லை. தலைவர்கள் பெயருக்கு முன்னால் நான் அடைமொழி போடுவதில்லை என்று மாதம் தவறாமல் கண்டித்து எழுதும் அன்பருக்கு இந்தப் பத்தி சமர்ப்பணம்.

காங்கோ ஆற்றுக்குத் தெற்கே வாழும், சிம்பன்சிக்கு நெருங்கிய உறவான பொனோபோ என்ற வாலில்லாக் குரங்குகளிடம் இந்த வித்தை எடுபடுமா என்பது சந்தேகம். ஓர் ஆண் வாலாட்டினால் (இல்லாத வால்தான்) பெண்கள் கூட்டுச் சேர்ந்து துரத்திவிடும். மகனின் செல்வாக்கே அங்கே அம்மாவின் தயவு.

காப்பாற்றுவது பற்றிக் கேட்டீர்கள். தலைவன் போனால் அடுத்த டின்காரர் வந்துவிடுவார். தாய் போனால் வர ஆளில்லை. ஒரு குட்டிக்கும் அடுத்ததற்கும் சிம்பன்சி ஐந்தாறு ஆண்டுகள் இடைவெளி விடும். இன்னொரு வாலில்லாக் குரங்கான ஒராங்குட்டான் ஏழெட்டு ஆண்டுகள். எந்தப் பழத்தை எப்படி உரிப்பது, இரவுப் படுக்கைக்குக் கிளைகளை எப்படி வளைத்து மடிப்பது என்பதெல்லாம் குட்டி தாயின் பக்கத்தில் இருந்து பார்த்துக் கற்பவை. கள்ளச்சந்தைக்கு ஒரு குட்டி வருகிறதென்றால், பெரும்பாலும் தாயைக் கொன்றுவிட்டுத்தான் பிடித்திருப்பார்கள்.

2017இல் தனி இனமாக அறிவிக்கப்பட்ட தபனூலி ஒராங்குட்டான், சுமத்ராவின் ஒரு மலைக்காட்டில் மட்டும் இருக்கிறது. மொத்தமே 800க்கும் குறைவு. அவற்றுக்குக் கூட்டமும் கிடையாது, கூட்டத் தலைவனும் கிடையாது. உங்கள் திட்டப்படி அங்கே யாருக்குக் காவல் போடுவது?