எமிலி சன்னோம் – கடிதம்

வணக்கம் சார்,

டேனிஷ் மௌனப் பட நடிகை அஸ்தா நீல்சனைப் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு அவர் நடித்த ‘அஃப்குருண்டன்’ (1910) பார்த்தேன். அதில் நாயகியின் காதலன் வழிகிற அந்த மேடைக்காரி யார்? தேடியதில் எமிலி சன்னோம் என்று வந்தது. படப்பிடிப்பில் விமானத்திலிருந்து விழுந்து செத்தவர், சினிமாவுக்காக உயிரைக் கொடுத்தவர் என்று ஒரு வீடியோவில் சொல்கிறார்கள். நிஜமா?

ஆர்., கோவை

அன்புள்ள ஆர்.,

ஆள் அவரேதான். ஆனால் அந்த வீடியோக்காரர் கொஞ்சம் அளந்துவிட்டிருக்கிறார். சன்னோம் இறந்தது 1931 ஆகஸ்டு 30, டென்மார்க்கின் கிரெனோ ஊரில். அங்கே படப்பிடிப்பு எதுவும் நடக்கவில்லை. டிக்கெட் வாங்கி வந்த ஜனங்களுக்கு முன்னால் நடந்த விமான சாகசக் காட்சி அது. குதித்தார், பாராசூட் விரியவில்லை. வயது 44.

தியாகம் என்றெல்லாம் சொல்ல வேண்டாம். அது அவர் பிழைப்பு. டேனிஷ் சினிமா வெளிநாட்டுச் சந்தையை நம்பி வளர்ந்தது. முதல் உலகப்போரில் அந்தச் சந்தை அடைபட்டது. டென்மார்க்கின் பெரிய படக் கம்பெனியான நோர்டிஸ்க் ஜெர்மனியில் வைத்திருந்த தியேட்டர்களும் வினியோகமும் 1917 கடைசியில் புதிதாகத் தொடங்கிய ஊஃபா என்ற ஜெர்மன் படக் கம்பெனியின் கைக்குப் போயின. கோபன்ஹேகனில் வேலை வற்றியது. 1923இல் இத்தாலியில் ஒரு விமானப் படம் செய்தார். இயக்கியது ஆல்ஃபிரட் லிண்ட், நீங்கள் பார்த்த ‘அஃப்குருண்டன்’ படத்துக்குக் கேமரா பிடித்த அதே ஆள்! படங்கள் குறையக் குறைய, வானத்தில் வித்தை காட்டுவதே முழுநேர வேலையாயிற்று.

இத்தனைக்கும் சாகசக்காரியாக மட்டும் வந்தவர் இல்லை. நோர்டிஸ்க் எடுத்த ஷேக்ஸ்பியரின் ‘ஹாம்லெட்’டில் நாயகி ஒஃபீலியா இவர்தான். கதை நடப்பதாகச் சொல்லப்படும் குரோன்போர்க் கோட்டையிலேயே எடுத்தார்கள். அதற்கப்புறம்தான் உயரத்தில் ஏறுவது, குதிப்பது, தொங்குவது எல்லாம். டூப் கிடையாது, அதுதான் விளம்பரமே.

என் சந்தேகம், அதுவே அவருக்கு வினையாகவும் ஆயிற்று. நிஜமாகவே அவ்வளவு உயரம் என்று பார்க்கிறவன் நம்ப வேண்டுமானால் தரையும் உச்சியும் ஒரே ஃப்ரேமில் தெரிய வேண்டும், கேமரா பின்வாங்கித்தான் ஆக வேண்டும். ஆள் தீக்குச்சி அளவுக்குச் சுருங்கிவிடுவார். அதில் முகம் எங்கே தெரிகிறது? அஸ்தாவை நமக்கு அந்தக் கண்களால்தான் தெரியும். சன்னோம் உயிரைப் பணயம் வைத்துச் செய்த காட்சிகளில் அங்கே இருப்பது யாரென்றே சொல்ல முடியாது. அஸ்தாதான் பெரிய நடிகை, அதில் எனக்கு இரண்டாம் கருத்து இல்லை. ஆனால் சன்னோம் மறக்கப்பட்டதற்குத் திறமைக் குறைவு காரணம் என்று நான் நினைக்கவில்லை.

டேனிஷ் திரைப்பட நிறுவனம் மிஞ்சியிருக்கும் மௌனப் படங்களை இணையத்தில் இலவசமாகவே போட்டு வருகிறது. சப்டைட்டில் உண்டு, நேரம் கிடைக்கும்போது பாருங்கள்.