தீர்ப்பு வந்தும் காசு வரவில்லை: அவமதிப்பு வழக்குப் போடலாமா?

கேள்வி: நுவரெலியாவில் ஒரு விடுதிக்காரருக்கு மண்சரிவுத் தடுப்புச் சுவர் கட்டிக் கொடுத்தேன். எழுத்தில் ஒப்பந்தம் இருந்தும் எட்டு இலட்சம் ரூபாய் தரவில்லை. மாவட்ட நீதிமன்றத்தில் எனக்குச் சாதகமாகத் தீர்ப்பு வந்து ஒரு வருடமாகிறது. அவர் மேன்முறையீடும் செய்யவில்லை. நாற்பதாயிரம் கொடுத்தால் அவமதிப்பு வழக்குப் போட்டு ஆளை உள்ளே தள்ளலாம் என்கிறார் நீதிமன்ற வாசலில் ஒருவர். செய்யலாமா? (பொகவந்தலாவை வாசகர்)

பதில்: அந்தக் காசைக் கொடுக்காதீர்கள்.

பணம் கட்டச் சொன்ன தீர்ப்பின்படி கட்டாமல் இருப்பது சாதாரணமாக நீதிமன்ற அவமதிப்பு ஆகாது. அவர் இப்போது உங்கள் கடனாளி, அவ்வளவுதான். 2024ஆம் ஆண்டின் 8ஆம் இலக்க அவமதிப்புச் சட்டத்தைச் சொல்லி இப்போது நிறையப் பேர் ஆட்களை மயக்குகிறார்கள். அது கடன் அறவிட வந்த சட்டமல்ல.

உங்களுக்கு வேண்டியது ரிட், அதாவது தீர்ப்பை நிறைவேற்றச் சொல்லும் நீதிமன்றக் கட்டளை. குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 224ஆம் பிரிவின்படி உங்கள் சட்டத்தரணி விண்ணப்பித்தால், பிஸ்கல் என்ற நீதிமன்ற அதிகாரி போய் அவருடைய சொத்தைக் கைப்பற்றி ஏலத்தில் விடலாம். ஆனால் எந்தச் சொத்து என்று நீங்கள்தான் காட்ட வேண்டும். வேன் என்றால் இலக்கம், காணி என்றால் காணிப் பதிவகத்தில் எடுத்த விபரம், வங்கி என்றால் எந்தக் கிளை. தெரியாவிட்டால் 219ஆம் பிரிவின்படி அவரையே நீதிமன்றத்துக்கு அழைத்து, என்ன இருக்கிறது என்று விசாரிக்கக் கேட்கலாம். வென்றவனே தோற்றவனின் சொத்தைத் தேடி மலை ஏறி இறங்க வேண்டிய முறை இது. எனக்கு இதில் ஆத்திரம்தான் வருகிறது. பிஸ்கல் போவதற்குள் வேன் மைத்துனர் பெயருக்கு மாறியிருக்கும். அதனால் தாமதிக்காதீர்கள். பத்து வருடம் போனால் ரிட்டே கேட்க முடியாது.

அவமதிப்பு வரும் இடம் ஒன்று உண்டு. வழக்கு நடந்தபோது அந்த விடுதிக் காணியை விற்கக்கூடாது என்று நீதிமன்றம் தடையாணை கொடுத்ததா? கொடுத்திருந்து, தெரிந்தே விற்றிருந்தால், 663ஆம் பிரிவின்படி அவமதிப்பாகத் தண்டிக்கலாம். அதற்கும் நிபந்தனை உண்டு. ஆணை அவர் கைக்குப் போனதை நிரூபிக்க வேண்டும். விற்றது ஆணைக்குப் பிறகு என்பதை விற்பனை உறுதிப் பத்திரத்தின் திகதி காட்ட வேண்டும். முதல் நாள் விற்று மறுநாள் ஆணை கிடைத்தால் ஒன்றும் செய்ய முடியாது. இதெல்லாம் சரியாக இருந்தாலும் தண்டனை நீதிமன்றத்தை மதிக்காததற்குத்தான். உங்கள் எட்டு இலட்சம் அதில் வராது, அதற்கு ரிட்தான்.

அப்புறம் அந்தத் தரகர். அவர் சட்டத்தரணியல்ல. ரசீது தரமாட்டார், வெற்றுத்தாளில் கையொப்பம் கேட்பார். தயவுசெய்து போடாதீர்கள். தோட்டத்துச் சனம் ஏமாறுவது பெரும்பாலும் அந்த வாசலில்தான். கையில் காசில்லை என்றால் சட்ட உதவி ஆணைக்குழுவிடம் போங்கள்.

நீங்கள் எழுத்தில் ஒப்பந்தம் வைத்திருந்தது நல்லது, எழுத்து ஒப்பந்தத்துக்கு வழக்குப் போட ஆறு வருடம் இருக்கிறது. வாய்ப்பேச்சில் செய்த வேலைக்கூலி என்றால் ஒரு வருடத்துக்குள் வழக்குப் போட வேண்டும்.

தீர்ப்பு சிங்களத்தில் இருந்தால் விளங்காமலே பையில் வைத்திருக்காதீர்கள். அரசியலமைப்பின் 24ஆவது உறுப்புரை தமிழில் மொழிபெயர்ப்புப் பெற உங்களுக்கு உரிமை தருகிறது. நீதிமன்றப் பதிவாளரிடம் எழுத்தில் கேளுங்கள். இழுத்தடிப்பார்கள், ஆனாலும் கேட்டதற்கு ஒரு பிரதி வைத்துக்கொள்ளுங்கள்.