லியோன் ஃபிளைஷர்: 1959-ஆ, 1964-ஆ?

அமெரிக்க பியானோ கலைஞர் லியோன் ஃபிளைஷர் பற்றிய உங்கள் கட்டுரையில் 1959, 1964 என்ற இரண்டு ஆண்டுகளில் எது சரி என்று கேட்டிருந்தீர்கள். இரண்டு ஆண்டுமே சரி, ஆண்டுகளைத் திருத்த வேண்டாம். ஃபிளைஷர் அமெரிக்காவில் பால்டிமோரின் பீபாடி இசைக் கல்லூரியில் ஆசிரியராகச் சேர்ந்தது 1959-இல். வலது கை மக்கர் செய்தது 1964-இல். உங்கள் கட்டுரையில் இடிப்பது 'கை போனதால் ஆசிரியரானார்' என்ற வரிதான். அதை எடுத்துவிடுங்கள்.

சுருக்கமான வாழ்க்கைக் குறிப்புகள் இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லிவிடுகின்றன. குழப்பம் அங்கிருந்து வந்திருக்கும்.

உண்மையில் மாறியது அவர் கற்பித்த விதம். மோதிர விரலும் சுண்டு விரலும் தாமாகவே உள்ளங்கைக்குள் மடங்கிக்கொண்டன. அதுவரை வாசித்துக் காட்டினால் போதும். பிறகு, அந்த ஸ்வரம் எப்படி ஒலிக்க வேண்டும் என்பதை வாயால் சொல்லிப் புரியவைக்க வேண்டியிருந்தது. கட்டுரையின் உயிரே இதுதான், இரண்டு பத்தியாவது கொடுங்கள்.

சரிபார்க்க: 1952 (பிரஸ்ஸல்ஸ் ராணி எலிசபெத் போட்டியில் முதல் பரிசு), 1959, 1964 என்று ஒரு தாளில் வரிசையாக எழுதுங்கள். 'அதனால்' என்று நீங்கள் போட்ட ஒவ்வொரு இடத்திலும் காரணம் முன்னால் நிற்கிறதா பாருங்கள்.

ஒரு எச்சரிக்கை. 'முழுமையாகக் குணமானார்' என்று எழுதிவிடாதீர்கள். அவருக்கு இருந்தது ஃபோகல் டிஸ்டோனியா, அதாவது மூளை விரலுக்கு அனுப்பும் கட்டளை பிசகும் கோளாறு. 1990-களில் தசையைத் தளர்த்தும் போடாக்ஸ் ஊசி கைகொடுத்தது, மறுபடி இரு கைகளாலும் வாசித்தார். ஆனால் கோளாறு கூடவே இருந்தது. இடைப்பட்ட சுமார் 30 ஆண்டுகள் அவர் வாசித்தது பெரும்பாலும் இடக்கைக்கு மட்டும் எழுதப்பட்ட படைப்புகள்தான், முதல் உலகப் போரில் வலது கையை இழந்த பியானோ கலைஞர் பால் விட்கென்ஸ்டைனுக்காக பிரெஞ்சு இசையமைப்பாளர் ராவெல் எழுதிய கான்செர்ட்டோ (இசைக்குழுவோடு சேர்ந்து வாசிக்கும் படைப்பு) உட்பட.