மைனஸ் ஒன்றை ஏன் அடித்துவிடுகிறோம்?

பினாங்கில் படிவம் 4, 5 பிள்ளைகளுக்கு இயற்பியல் நடத்தி ஓய்வு பெற்றவன் நான். கணிதத்துக்கும் இயற்பியலுக்கும் என்ன உறவு என்று கேட்டு வந்தவற்றில் மூன்றுக்கு இங்கே பதில் எழுதுகிறேன்.

ஜெலுத்தோங், படிவம் 4 மாணவர்: சார், 10 மீட்டர் உயர மாடியிலிருந்து வினாடிக்கு 5 மீட்டர் வேகத்தில் பந்தை மேலே எறிந்தால் எப்போது தரையைத் தொடும் என்று கணக்கு. ஈர்ப்பு முடுக்கம் 10. விடை 2 வினாடி, −1 வினாடி என இரண்டு வந்தன. டீச்சர் −1-ஐ அடிக்கச் சொன்னார். ஏன்?

பதில்: தேர்வில் அடித்துத்தான் ஆகவேண்டும், தம்பி. அடிக்கும் முன் அதைக் கொஞ்சம் பார். நீ எறிவதற்கு ஒரு வினாடி முன்பு, கீழே தரையிலிருந்து யாராவது 15 மீட்டர் வேகத்தில் எறிந்திருந்தால், நீ எறியும் அதே கணத்தில் அந்தப் பந்து உன் கையருகே அதே 5 மீட்டர் வேகத்தில் மேலே போகும். நீ மாடியில் நிற்பது சமன்பாட்டுக்குத் தெரியாது. அதற்குத் தெரிந்தது பாதை மட்டுமே. முழுப் பாதையையும் சொல்லிவிடுகிறது.

1928-இல் இயற்பியலாளர் டிராக் எலக்ட்ரானுக்கு எழுதிய சமன்பாட்டிலும் இப்படித்தான் எதிர்மறை ஆற்றல் விடைகள் வந்து நின்றன. அவர் அடிக்கவில்லை. புரோட்டானாக இருக்குமோ என்று முதலில் பார்த்தார், பொருந்தவில்லை. எலக்ட்ரானின் அதே நிறையும் நேர்மின்னூட்டமும் கொண்ட புதுத் துகள் இருக்கவேண்டும் என்று 1931-இல் எழுதினார். மறு ஆண்டே இயற்பியலாளர் ஆண்டர்சன் எடுத்த, விண்வெளியிலிருந்து வரும் காஸ்மிக் கதிர்களின் படத்தில் அதன் தடம் விழுந்தது. இன்றும் இதைச் சொல்லும்போது எனக்கு உடம்பு சிலிர்க்கும்.

ஆயர் ஈத்தாம், பொறியியல் மாணவி: அப்படியானால் கணக்கு சரியாக வந்தால் போதும், இயற்கை அப்படியே இருக்கும் என்று நம்பலாமா ஐயா?

பதில்: நம்பாதேம்மா. யுரேனஸ் தடம் பிசகுவதை வைத்து, இன்னொரு கோள் இன்ன இடத்தில் இருக்கும் என்று பிரெஞ்சு வானியலாளர் லெவெரியே கணக்கிட்டார். 1846 செப்டம்பரில், அவர் கடிதம் கைக்கு வந்த இரவே, பெர்லினில் வானியலாளர் காலே ஒரு பாகை வித்தியாசத்துக்குள் நெப்டியூனைப் பார்த்துவிட்டார். பிறகு புதன் கோளும் கணக்குக்கு அடங்கவில்லை. அதே முறையில் ‘வல்கன்’ என்றொரு கோளை அவர் ஊகித்தார். எத்தனையோ பேர் தேடினார்கள். அப்படி ஒன்று இல்லவே இல்லை. நூற்றாண்டுக்கு 43 வில்விநாடி (ஒரு வில்விநாடி என்பது பாகையில் 3600-இல் ஒரு பங்கு) வரும் புதனின் அந்த விலகலுக்கு 1915-இல் ஐன்ஸ்டைனின் புது ஈர்ப்புக் கொள்கைதான் காரணம் சொன்னது. லெவெரியேயின் கூட்டல் கழித்தலில் குற்றமில்லை. நியூட்டனின் விதியே அங்கே போதவில்லை. அதைத் தொலைநோக்கியால்தான் காட்ட முடிந்தது.

பட்டர்வொர்த், ஓர் அம்மா: மகள் ஆட் மேத்ஸில் (கூடுதல் கணிதத்தில்) தடுமாறுகிறாள். இயற்பியல் எடுக்கலாமா சார்?

பதில்: எடுக்கட்டும். ஃபாரடேக்கு உயர்கணிதமே தெரியாது. காந்தத்தைச் சுற்றிய கோடுகளை மனக்கண்ணில் பார்த்தார். மேக்ஸ்வெல் பின்னர் அவற்றைச் சமன்பாடாக்கினார். ஆனால் கணிதத்தைக் கைவிட்டுவிட்டு இயற்பியலில் நெடுந்தூரம் போக முடியாது. எந்தக் கணக்கானாலும் முதலில் படம் வரையட்டும், கடைசியில் அலகைச் சரிபார்க்கட்டும். அவள் போட்டுப் பாதியில் நின்ற தாள் ஒன்றை அனுப்புங்கள், எந்த வரியில் தடுக்குகிறது என்று பார்த்துச் சொல்கிறேன்.