மரபணுவின் எழுத்தில் பொருளின் சாயல் உண்டா?

கேள்வி: ‘காக்கை’ என்னும் சொல்லில் அது கரையும் ஒலி கேட்கிறது, ‘மரம்’ என்னும் சொல்லில் மரம் தெரிவதில்லை. மரபணுவின் எழுத்துகளாவது தாம் குறிக்கும் பொருளை ஒத்திருக்கின்றனவா?

பதில்: தனித்தனியே பார்த்தால், பெரும்பாலும் இல்லை. ஒரு சொல் ஏன் அப்பொருளைக் குறிக்கிறது என்பது வெளிப்படையாகத் தோன்றாது என்று தொல்காப்பியத்தின் உரியியல் கூறுவது மரபணுக் குறியீட்டுக்கும் பொருந்தும். மரபணுவின் செய்தியை எடுத்துச்செல்லும் ஆர்.என்.ஏ.வின் நான்கு எழுத்துகளுள் ஒன்று யுராசில்; அந்த எழுத்துகள் மும்மூன்றாகச் சேர்ந்து, புரதத்தின் கட்டுமானக் கற்களான அமினோ அமிலங்களைக் குறிக்கின்றன. மூன்று யுராசில்கள் சேர்ந்தால் ஃபினைல்அலனின் என்னும் அமினோ அமிலம் என்பதை 1961இல் நைரன்பர்க், மத்தே என்னும் உயிர்வேதியியலாளர்கள் கண்டறிந்தனர். ஆனால் அந்த மூன்றெழுத்தில் அமிலத்தின் உருவம் இல்லை. இரண்டையும் இணைப்பது, அமிலத்தைச் சுமந்து வந்து உரிய மூன்றெழுத்தின் இடத்தில் சேர்க்கும் கடத்து ஆர்.என்.ஏ. என்னும் இடைத்தரகரே. 1962இல் நடந்த ஒரு சோதனை இதை அழகாக நிறுவியது: சிஸ்டீன் என்னும் அமினோ அமிலத்தைச் சுமந்திருந்த கடத்து ஆர்.என்.ஏ.வில் அந்தச் சிஸ்டீனை மட்டும் வேதிமுறையால் அலனின் என்னும் வேறோர் அமினோ அமிலமாக மாற்றியபோது, சிஸ்டீன் அமர வேண்டிய இடத்தில் செல்லின் இயந்திரம் அலனினையே கோத்தது. அது சுமையைப் பார்க்கவில்லை, சுமப்பவரின் அடையாளத்தை மட்டுமே வாசித்தது.

எனினும் இங்கே ஒழுங்கே இல்லை என்று முடித்துவிடக் கூடாது. நடு எழுத்து யுராசிலாக உள்ள மூன்றெழுத்துகள் யாவும் நீரை வெறுக்கும் அமிலங்களையே குறிக்கின்றன. ஆகவே ஓரெழுத்து பிறழ்ந்தாலும் பல வேளைகளில் ஒத்த இயல்புடைய அமிலமே வந்து சேர்கிறது. ஒற்றைக் குறி தன் பொருளைப் போல இல்லாவிட்டாலும், குறிகளுக்கிடையே உள்ள உறவு பொருள்களுக்கிடையே உள்ள உறவை ஓரளவு ஒத்திருக்கிறது. ‘சலசல’, ‘சளசள’ போன்ற இரட்டைக்கிளவிகளில் ஒலி நெருங்கும்போது பொருளும் நெருங்குவதை இதனோடு ஒப்பிடலாம் என்றே கருதுகிறேன்.