சொல்லாமல் நழுவாதீர்கள்

மதுரையிலிருந்து ஒரு வாசகி கேட்கிறார்: "மகளுக்கு இரண்டரை வயது. ஒரு மாதமாகத்தான் மறுபடி வேலைக்குப் போகிறேன். நான் செருப்பை மாட்டினாலே அழுகை. அதனால் மாமியார் கொல்லைப்பக்கம் காக்கா காட்டக் கூட்டிப்போவார், நான் முன்வாசல் வழியாகக் கிளம்பிவிடுவேன். இப்போது குளிக்கப் போனால்கூடக் கதவைத் தட்டி அழுகிறாள். என்ன செய்வது?"

முதலில் அந்தக் காக்காவை நிறுத்துங்கள். பாட்டி ஆசையாகத்தான் காட்டுகிறார், ஆனால் குழந்தை திரும்பி வந்து பார்த்தால் அம்மா இல்லை. கொஞ்சம் கண்ணை எடுத்தால் அம்மா மாயமாகிவிடுவாள் என்று அவள் புரிந்துகொண்டுவிட்டாள். குளியலறை வாசலில் காவல் நிற்பது அதனால்தான்.

பிரிவுப் பயம் எட்டு மாத வாக்கில் தொடங்கும், பொதுவாக 10 முதல் 18 மாதங்களில் உச்சத்துக்குப் போகும், பெரும்பாலும் மூன்று வயதுக்குள் தணியும். நீங்கள் வேலைக்குத் திரும்பியது போன்ற மாற்றம் வந்தால் அடங்கியது மறுபடி தலைதூக்கும். உங்கள் மேல் ஒட்டுதல் இருப்பதால்தான் அழுகிறாள். குற்ற உணர்ச்சி வேண்டாம்.

நம் வழக்கத்தில் "போறேன்" என்று சொல்லக் கூடாது, "போயிட்டு வரேன்" என்பார்கள். குழந்தைக்குத் தேவை அந்த "வரேன்"தான். அவள் முகத்தைப் பார்த்துச் சொல்லுங்கள். "ஆறு மணிக்கு" என்றால் அவளுக்குப் புரியாது. "நீ தூங்கி எழுந்து, பால் குடிச்சு, பாட்டியோட வாசல்ல விளையாடும்போது அம்மா வந்துடுவேன்" என்றால் புரியும். தினமும் அதே வார்த்தைகள், ஒரு முத்தம், பாட்டி கையில் கொடுத்துவிட்டுக் கிளம்புங்கள். அழுகிறாளே என்று படியிலிருந்து திரும்பி வராதீர்கள். அழுதால் அம்மா திரும்புவாள் என்று ஆகிவிடும். பத்து நிமிடம் கழித்துப் பாட்டிக்குப் போன் செய்து பாருங்கள், அநேகமாக விளையாடிக்கொண்டிருப்பாள்.

முதல் சில நாட்கள் அழுகை கூடவே செய்யும். இத்தனை நாள் பார்க்காத பிரிவை இப்போது நேரில் பார்க்கிறாள் அல்லவா? தாங்கிக்கொள்ளுங்கள்.

விடுமுறை நாளில் சின்னதாகப் பழக்குங்கள். சொல்லிவிட்டுக் கடைக்குப் போய்ப் பத்து நிமிடத்தில் வந்துவிடுங்கள், அப்புறம் அரை மணி நேரம். உங்கள் பழைய சேலை ஒன்றை மதியத் தூக்கத்துக்குக் கொடுங்கள், அம்மா வாசம் அதில் இருக்கும்.

மாமியாரிடமும் பேச வேண்டும். "அழுதா அம்மா வரமாட்டா", "பூச்சாண்டி வருவான்" இரண்டும் வேண்டவே வேண்டாம். "அம்மா ஞாபகம் வந்துடுச்சா? தூங்கி எழுந்தா வந்துடுவா" என்று மடியில் வைத்துக்கொண்டால் போதும். மாலையில் வந்ததும் அடுப்பங்கரைக்கோ போனுக்கோ போகாமல் கால் மணி நேரம் அவளோடு உட்காருங்கள். சில நாள் முகத்தைத் திருப்பிக்கொள்வாள், அடிக்கவும் செய்வாள். அதுவும் ஏக்கம்தான்.

இப்படிச் செய்தும் நான்கு வாரங்களுக்கு மேல் கொஞ்சமும் குறையாமல், சாப்பாடும் தூக்கமும் கெட்டால் குழந்தைகள் நல மருத்துவரைப் பாருங்கள்.